காலரில் இருந்த பெயர்

பிப்ரவரி 9

தம்பிக்கு,

உனக்கு இனி எழுதுவதில்லை என்று போன வருஷம் முடிவெடுத்தேன். அந்தக் கோபம் அப்படியேதான் இருக்கிறது. இதை ஒரு வேலையாக நினைத்து எழுதுகிறேன்.

திங்கட்கிழமை ராணுவ அலுவலகத்திலிருந்து ஒரு ஆள் சைக்கிளில் வந்தான். உன் அத்தானின் உடல் கிடைத்துவிட்டதாம். அவர் கடைசியாக இருந்த மேட்டுக்கு அந்தப் பக்கம் மூடிப்போன ஒரு பதுங்குகுழியைத் தோண்டியபோது கிடைத்ததாம். சட்டைக் காலரில் அவர் பெயர் மையால் எழுதியிருக்கிறது, இடது பாக்கெட்டுக்கு உள்ளே இன்னொரு சின்ன பாக்கெட் இருக்கிறது என்று தாளைப் பார்த்துப் படித்தான்.

அந்தச் சின்ன பாக்கெட் நான் தைத்தது. நாள் முழுக்க ராணுவச் சட்டைக்கு இடது பாக்கெட் மட்டும் தைத்துச் சம்பளம் வாங்குகிறவள் என் வீட்டு ஆளுக்கு ஒன்று கூடுதலாகத் தைத்துவிட்டேன். என் போட்டோ வைத்துக்கொள்ள என்று மாமியாரிடம் சொன்னேன். சிகரெட் நனையாமல் இருப்பதற்குத்தான். உனக்கும் தெரியும்.

ஆகவே அது அவர் சட்டை. அதில் சந்தேகம் இல்லை.

இப்போது நான் ஒரு தாளில் கையெழுத்துப் போட வேண்டும். போட்டால் பெட்டியை அனுப்புவார்கள். ஆணி அடித்து முத்திரை வைத்து வரும், திறக்கக் கூடாது. பெட்டி இப்போது இருக்கும் கிடங்கு எது என்று தாளில் போட்டிருக்கிறது. உன் கிடங்கு. அதனால்தான் இந்தக் கடிதம்.

நீ அங்கே வேலைக்குச் சேர்ந்ததாகச் சொன்ன அன்று நான் கேட்டது நினைவிருக்கும். "உயிரோட இருந்தப்ப சுடச் சொன்னான், செத்தப்புறம் பொறுக்கச் சொல்றான், ரெண்டுக்கும் நீதான் கிடைச்சியா?" நீ பாதிச் சாப்பாட்டில் எழுந்து போனாய். கேட்டதில் தப்பில்லை என்றுதான் இன்றைக்கும் நினைக்கிறேன். ஆனால் எனக்கு அங்கே வேறு ஆள் கிடையாது. பெட்டியைத் திறந்து பார். அவர்தானா என்று எழுது.

எனக்கு ஏன் அவசரம் என்று நீ யோசிப்பாய். மூன்று வருஷமாக நான் காணாமல் போனவரின் மனைவி. விதவை என்றால் தொழிற்சாலைக் குடியிருப்பில் ஒரு அறை கொடுக்கிறார்கள். வேறு கல்யாணம் செய்தால் ஊர் இரண்டு நாள் பேசிவிட்டு விட்டுவிடும். காணாமல் போனவரின் மனைவிக்கு அறையும் இல்லை, பேச்சுக்கு முடிவும் இல்லை. மாமியார் வீட்டில், மாமியார் கட்டிலுக்குக் கீழே பாயைப் போட்டுப் படுத்துக்கொண்டு, நாளைக்கு வருவார் என்று முகத்தை வைத்துக்கொள்ள வேண்டும்.

இதையும் என்னிடமிருந்தே தெரிந்துகொள். எங்கள் பட்டறையில் மெஷின் பழுது பார்க்கிறவர் ஒருவர் இருக்கிறார். கிரீஸ் என்று கூப்பிடுகிறோம். மழைக்காலத்தில் என்னிடம் கேட்டார். என் புருஷன் இருக்காரா இல்லையான்னு அரசாங்கத்துக்கே தெரியல, எனக்கு எப்படித் தெரியும் என்றேன். "தெரிஞ்சதும் சொல்லுங்க" என்று சொல்லிவிட்டு மறுபடியும் மெஷினுக்கு அடியில் போய்விட்டார். அவ்வளவுதான் நடந்தது. திட்டுவதென்றால் திட்டு.

மாமியார் நேற்று என்னிடமிருந்து தாளை வாங்கித் தலையணைக்குக் கீழே வைத்துக்கொண்டார்.

அக்கா


பிப்ரவரி 17

அக்கா,

கையெழுத்துப் போட்டுவிடு.

காலரில் பெயர் இருந்தால் ஆள் உறுதி. அதுதான் இங்கே விதி. பாக்கெட்டும் ஒத்துப்போகிறது என்று நீயே சொல்கிறாய். இதற்கு மேல் என்ன வேண்டும்?

திறந்து பார் என்று சுலபமாக எழுதிவிட்டாய். இந்தக் கிடங்கு முன்பு உரம் வைத்திருந்த இடம். அந்த நாற்றம் இன்னும் போகவில்லை. அது போகாமல் இருப்பதே நல்லது என்று இங்கே எல்லோரும் நினைக்கிறோம். நான் காலையில் வந்து பெட்டிக்கு ஆணி அடிக்கிறேன், முகவரி எழுதுகிறேன், லாரி வந்தால் ஏற்றுகிறேன். உள்ளே என்ன இருக்கிறது என்று பார்ப்பது என் வேலை இல்லை. பார்க்காமல் இருப்பதால்தான் மூன்று வேளை சாப்பிட முடிகிறது.

வலது பக்கத் தட்டில் அதிகாரிகள். இழைத்த பலகை, பித்தளைக் கைப்பிடி. இடது பக்கத் தட்டில் நாம். நமக்குச் சரக்குப் பெட்டிகளைப் பிரித்த பலகை. போன வாரம் ஒரு பெட்டியின் மூடியில் "கவனம், உடையும் பொருள்" என்று அச்சு இருந்தது. உளி வைத்துச் செதுக்கிப் பார்த்தேன், போகவில்லை. அப்படியே அனுப்பினேன். எந்த வீட்டுக்குப் போனதோ.

அந்த மெஷின் ஆளைப் பற்றி எனக்கு ஒரு ஆட்சேபணையும் இல்லை. அத்தானுக்கும் இருந்திருக்காது. அவர் யாரையும் காத்திருக்க வைத்துப் பழகியவர் இல்லை. ஆகவே போடு. பெட்டி வரட்டும், புதைத்துவிட்டு உன் வேலையைப் பார்.

நீ சொன்னதற்காக நான் எழுந்து போகவில்லை. அன்றைக்கு எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. அவ்வளவுதான்.

தம்பி


பிப்ரவரி 24

தம்பி,

அவரா என்று கேட்டேன். நீ விதி என்று பதில் எழுதுகிறாய். அதை எழுத ராணுவ அலுவலகத்திலேயே ஆள் இருக்கிறான். அவன் எழுத்தாவது அழகாக இருக்கும்.

உன் முதல் விடுப்பு நினைவிருக்கிறதா? நீ வந்து முற்றத்தில் நின்று முழங்காலுக்கு மேல் ஏறிய ஒரு கால்சட்டையைக் காட்டினாய். துவைக்கப் போட்டது வேறு, திரும்பி வந்தது வேறு என்றாய். பேன் தொல்லை தாங்காமல் எல்லோர் துணியையும் ஒரே பீப்பாயில் கொட்டிக் கொதிக்க வைப்பார்கள், காய்ந்ததும் சின்னது, நடுத்தரம், பெரியது என்று மூன்று குவியலாகப் போட்டு வரிசையில் நிற்கிறவனுக்கு ஆளுக்கு ஒன்று எறிவார்கள் என்றாய். "என் சொந்தச் சட்டையைப் போன வாரம் சமையல்காரன் போட்டிருந்தான், நல்லா இருக்கியான்னு அதுகிட்ட விசாரிச்சிட்டு வந்தேன்" என்றாய். மாமியார் சிரித்துச் சிரித்து, குடித்த தண்ணீர் மூக்கில் ஏறிவிட்டது.

அது நடந்ததா, எங்களைச் சிரிக்க வைக்கச் சொன்னதா? நடந்தது என்றால் காலரில் இருப்பது துணியின் பெயர்தான், ஆளின் பெயர் இல்லை. போன வாரம் முழுக்க நூலை ஊசியில் கோர்க்கும்போதெல்லாம் இதுதான் ஓடியது. இதை நான் கண்டுபிடிக்க வேண்டியதே இல்லை. நீ அந்த வரிசையில் நின்றவன். இது தெரிந்தேதான் கையெழுத்துப் போடு என்று எழுதியிருக்கிறாய்.

உன் அத்தானுக்கு இடது கைச் சுண்டுவிரல் கிடையாது. மரக்கடை ரம்பத்தில் கல்யாணத்துக்கு முன்பே போனது. ராணுவத்தில் சேர்க்கும்போது மருத்துவர் பார்த்துவிட்டு, சுடுவதற்கு அது தேவையில்லை என்றாராம். கடை முதலாளியின் மகனுக்கு மட்டும் பாதம் தட்டை என்று திருப்பி அனுப்பினார்கள். தட்டைப் பாதத்தோடு அவன் இப்போது எங்கள் தெருவில் தினமும் பந்து விளையாடுகிறான்.

விரலைப் பார். உனக்குச் சாப்பாடு இறங்காது என்றால் ஒருநாள் பட்டினி கிட.

அவர்தான் என்றால் நான் அழுவேன், பிறகு போவேன். அவர் இல்லை என்றால் என்ன செய்வேன் என்று தெரியவில்லை. எது உனக்கு வேண்டும் என்று மட்டும் கேட்காதே.

அக்கா


மார்ச் 6

அக்கா,

பார்த்தேன்.

எல்லோரும் சாப்பிடப் போன நேரத்தில் ஆணியைப் பிடுங்கினேன். மற்ற எலும்புகள் எப்படி இருந்தன என்று எழுத மாட்டேன். உடலின் கைகளில் கம்பளிக் கையுறை இருந்தது. அது இல்லாமல் இருந்தால் சின்ன எலும்புகள் மண்ணோடு போயிருக்கும், எதுவும் சொல்லியிருக்க முடியாது. இடது கையுறையை மெதுவாகப் பிரித்தேன். சுண்டுவிரல் இருந்தது. முழுசாக இருந்தது.

அது அத்தான் இல்லை.

வேறு யாரோ. இடது தோள்பட்டை எலும்பு எப்போதோ உடைந்து கூடியிருக்கிறது. மேல்வரிசைப் பல் ஒன்று பாதிதான் இருக்கிறது. சட்டை மட்டும் நம்முடையது. நீ தைத்த பாக்கெட்டைத் தொட்டுப் பார்த்தேன். சிகரெட் இல்லை. ஒரு பொத்தானும் கொஞ்சம் நூலும் இருந்தன. அந்த ஆள் அறுந்த பொத்தானைத் தைக்க நினைத்து எடுத்து வைத்திருக்கிறான்.

பீப்பாய் விஷயம் உண்மைதான். அது எனக்கு முதலிலேயே தெரியும். நீ திட்டினால் வாங்கிக்கொள்கிறேன். அதிகாரிகள் துணி மட்டும் அந்தப் பீப்பாய்க்கு வராது. அவரவர் எடுபிடி தனி வாளியில் துவைத்து, இஸ்திரி போட்டு, அவரவர் கட்டிலில் வைப்பான். கேப்டன் சட்டை கேப்டனிடமே திரும்பும். ஆகவே காலர் பெயரை வைத்து ஆளைச் சொல்லிவிடலாம் என்று அவர்களுக்குத் தோன்றியிருக்கிறது. தங்கள் அலமாரியைப் பார்த்து நமக்கு விதி எழுதியிருக்கிறார்கள்.

கிடங்குக் கேப்டனிடம் பேச்சுவாக்கில் கேட்டேன். பெட்டியைத் திறந்ததைச் சொல்லவில்லை. காலரில் இருக்கும் பெயர் வேறு ஒருவனுடையதாக இருந்தால் என்ன செய்வது சார் என்றேன். அவருக்குப் புரியவே இல்லை. "அடுத்தவன் சட்டையை யாராவது போடுவானாய்யா?" என்றார். திமிரில் கேட்கவில்லை அக்கா. சின்ன வயசு, நல்ல மனுஷன், எனக்குக் காய்ச்சல் வந்தபோது தன் போர்வையைக் கொடுத்தவர். நிஜமாகவே அவருக்குத் தெரியாது.

இப்போது நான் சொல்வதைக் கேள். எல்லாம் தெரிந்தபிறகும் சொல்கிறேன், கையெழுத்துப் போடு. அத்தான் இருந்த மேட்டை மூன்று நாள் பீரங்கியால் அடித்தார்கள். நான் அங்கே தோண்டப் போயிருக்கிறேன். அங்கே யாரும் கிடைக்கப்போவதில்லை. உனக்கு வரக்கூடிய ஒரே பெட்டி இதுதான். இதை விட்டால் நீ கிழவியாகும்வரை காணாமல் போனவரின் மனைவி. அந்த ஆளுக்கு ஒரு குழி கிடைக்கும், உனக்கு ஒரு அறை கிடைக்கும். இந்தப் போரில் இதைவிட நியாயமான கணக்கு எதையும் நான் பார்க்கவில்லை.

தம்பி


மார்ச் 15

தம்பி,

பார்த்ததற்கு நன்றி. திட்டவில்லை. திட்டுவதற்குத் தெம்பு இல்லை.

மாமியாரிடம் சொன்னேன். நீ திறந்ததைச் சொல்லவில்லை, கிடங்கில் இருக்கிறவர்கள் பார்த்தார்களாம், பத்து விரலும் இருக்கிறதாம் என்று மட்டும் சொன்னேன். துவைத்த துணியை மடித்துக்கொண்டிருந்தார். கை நிற்கவில்லை.

"சுண்டுவிரல்தானே" என்றார். "போன இடத்துல ஒண்ணு குடுத்திருப்பாங்க. அரசாங்கம் எதையாவது குடுக்கணும்ல."

அது நக்கலா, நம்பிக்கையா என்று எனக்குப் பிடிபடவில்லை. அவரிடம் எப்போதுமே அது பிடிபடாது.

கிரீஸிடமும் சொன்னேன். மெஷின் சத்தத்தில் இரண்டு தடவை சொல்ல வேண்டியிருந்தது. கொஞ்ச நேரம் ஸ்பானரைத் துடைத்துக்கொண்டு நின்றார். போட்டுவிடுங்கள், செத்தவருக்கு யார் பெயர் என்றால் என்ன என்றார். நல்ல மனுஷன்தான். நீ சொன்ன கேப்டனும் நல்ல மனுஷன்தான். நல்ல மனுஷர்கள் எல்லோரும் போடு போடு என்கிறீர்கள்.

எனக்கு முடியவில்லை. நியாயம் பேசுவதாக நினைக்காதே. இரண்டு நாள் பேனாவைக் கையில் எடுத்து வைத்துக்கொண்டேதான் இருந்தேன். அந்த அறைகளில் ஒன்றைப் போய் ஜன்னல் வழியாகப் பார்த்துவிட்டுக்கூட வந்தேன். தெற்குப் பார்த்த ஜன்னல், சுவரில் ஒரு அலமாரி. என் தையல் மெஷினை எங்கே போடுவது என்று மனசுக்குள் போட்டும் வைத்துவிட்டேன்.

ஆனால் பாதிப் பல் இருக்கிறவன் யாருடைய வீட்டு ஆளோ. அவள் எங்கேயோ ஒரு மெஷின் முன்னால் உட்கார்ந்து, மாமியார் வீட்டில் பாயைப் போட்டுப் படுத்து, என்னைப் போலவே கேட்டுக்கொண்டிருப்பாள். நான் கையெழுத்துப் போட்டால் அவன் என் புருஷனாக மண்ணுக்குள் போய்விடுவான். பிறகு அவள் எத்தனை கிடங்குக்குப் போய் நின்றாலும் கிடைக்க மாட்டான். அவளுக்கு அந்த அறை கிடைக்காமல் போவதற்கு என் கையெழுத்துதான் காரணமாக இருக்கும்.

இன்னொன்றும் தோன்றியது. அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. அன்றைக்கு உன் அத்தான் யார் சட்டையைப் போட்டிருந்தார்? அந்தக் காலரில் யார் பெயர்? மேட்டில் யாருமே கிடைக்கவில்லை என்கிறாய். எப்போதோ கிடைத்து, வேறு பெயரில் ஒரு பெட்டியில் போய், வேறு ஒரு வீட்டார் அழுது முடித்துப் புதைத்தும் இருக்கலாம். அந்த வீட்டில் விரலை யாரும் எண்ணவில்லை. அவர்கள் நல்லவர்களாகத்தான் இருப்பார்கள். அவர்களை நினைத்தால் எனக்கு ஆத்திரமாக வருகிறது.

இது என் கணவர் என்று நான் நம்பவில்லை, காரணம் எல்லோர் சட்டையும் ஒன்றாகத் துவைக்கப்பட்டது என்று அலுவலகத்துக்கு எழுதிப் போட்டுவிட்டேன். விரலைப் பற்றி எழுதவில்லை. உன் வேலைக்கு ஒன்றும் வராது.

அக்கா


மார்ச் 21

அக்கா,

நீ அலுவலகத்துக்கு எழுதிய கடிதம் இங்கே வந்து சேர்ந்தது. கேப்டன் எங்கள் முன்னாலேயே படித்தார். மனைவி அதிர்ச்சியில் இருக்கிறார், பாவம் என்றார். பிறகு விதிப் புத்தகத்தைப் புரட்டினார். மனைவி மறுத்தால் பெற்றவரின் கையெழுத்து போதுமாம்.

உன் மாமியாரைப் பார்க்க அவரே புறப்படுகிறார். மாத முடிவுக்குள் பாதிப் பெட்டிகளையாவது அனுப்பிவிட வேண்டும் என்று மேலேயிருந்து உத்தரவு. இதை எழுதி உனக்கு வந்து சேருவதற்குள் அவர் வந்துவிட்டிருப்பார்.

தம்பி


மார்ச் 27

தம்பி,

வந்தார், போனார்.

ஜீப் தெருவுக்குள் நுழைய முடியவில்லை என்று முனையில் நிறுத்திவிட்டு நடந்து வந்தார். பூட்சைக் கழற்றிவிட்டு உள்ளே வந்தார். இருந்த ஒரே நாற்காலியில் உட்காரச் சொன்னோம், உட்காரவில்லை. என்னைப் பார்த்துப் பேசாமல் மாமியாரைப் பார்த்துப் பேசினார். பெற்ற தாய்க்குத் தெரியாததா என்றார். சட்டையில் இருக்கும் பெயரை ஒரு தாளில் வரைந்து கொண்டுவந்திருந்தார். எழுத்து உன் அத்தானுடையதுதான், கடைசி எழுத்தை வாலை இழுத்து எழுதுவார்.

மாமியார் பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு கேப்டனிடம், "எங்க போடணும்?" என்றார்.

நான் போய்க் கையைப் பிடித்துக்கொண்டேன். "அத்தை, அது அவர் இல்ல."

"கையை எடு" என்றார். "அவனை நீ பெத்தியா?"

போட்டுவிட்டார். எழுதத் தெரிந்தவர், கட்டைவிரல் வைக்கவில்லை. நிதானமாக முழுப் பெயரும் எழுதினார். கேப்டன் நன்றி சொன்னார். வாசலில் குனிந்து பூட்சை மாட்டும்போது என்னைப் பார்த்து, "மனசைத் தேத்திக்குங்கம்மா" என்றார். என் வயசுதான் இருக்கும் அவருக்கு.

என்ன விசித்திரம் பார். நான் கையெழுத்துப் போடவில்லை, ஆனாலும் இப்போது விதவை. தொழிற்சாலையில் அறைக்கு எழுதிக் கொடுக்கச் சொல்லிவிட்டார்கள். நான் சொன்னது செல்லாது, அதன் பலன் மட்டும் எனக்கு. மாமியாரோடு பேசுவதை விட்டுவிட்டேன். தட்டை வைத்தால் சாப்பிடுகிறார். நானும் அவர் வைத்தால் சாப்பிடுகிறேன்.

பெட்டி அடுத்த வாரம் லாரியில் வருமாம். அதற்குள் ஏதாவது செய்ய முடியுமா? என்ன என்று எனக்குத் தெரியாது. அங்கே ஆணி அடிக்கிறவன் நீதான்.

அக்கா


ஏப்ரல் 3

அக்கா,

படித்ததும் இதை அடுப்பில் போடு. பிடிபட்டால் எனக்கு வேலை போவதோடு முடியாது.

உங்களுக்கு வரும் பெட்டியில் ஆள் இல்லை. கிடங்கு வாசலில் தீயை அணைக்க வைத்திருக்கும் வாளிகளில் இருந்த மணலைச் சாக்கில் கட்டி உள்ளே வைத்திருக்கிறேன். எடை சரியாக இருக்கும், நான் தூக்கிப் பார்த்தேன். மேலே அத்தானின் சட்டையை மடித்து வைத்தேன். அது அவருடையதுதானே. அதைப் புதைப்பதில் பொய் எதுவும் இல்லை என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். முத்திரை வைத்தாகிவிட்டது. வீட்டில் யாரும் திறக்க மாட்டார்கள், திறக்கவும் விடாதே.

அந்த ஆள் இங்கேயே இருக்கிறான். பெயர் தெரியாதவர்கள் தட்டில், கடைசியில். அட்டையில் எழுதியிருக்கிறேன்: சட்டை இல்லை. இடது தோள் உடைந்து கூடியது. மேல்பல் ஒன்று பாதி. பத்து விரலும் உண்டு.

வியாழக்கிழமைகளில் வெளியே கயிறு கட்டி, பெயர் தெரியாதவர்களின் துணிகளைத் தொங்கவிடுவோம். தேடி வருகிறவர்கள் பார்த்துக்கொண்டே நடப்பார்கள். சில பேர் தையலைப் பிடித்துத் திருப்பிப் பார்ப்பார்கள். அவனுடைய பெல்ட்டையும் கையுறையையும் கயிற்றில் போட்டேன். இந்த வாரம் யாரும் நிற்கவில்லை. அடுத்த வாரமும் போடுவேன்.

இதையெல்லாம் நல்லவனாக ஆகிவிட்டேன் என்று காட்ட எழுதவில்லை. எனக்குச் சலித்துவிட்டது. உன்னை ஏமாற்றவும் முடியவில்லை, அந்தப் பொத்தான்காரனை ஏமாற்றவும் முடியவில்லை. மிச்சம் இருந்தது உன் மாமியார்தான். ஒரு தாயை மணலுக்கு முன்னால் அழ வைக்கப்போகிறேன். அதை நினைத்தால்தான் ஆணி சரியாக இறங்கவில்லை.

காலர் பெயரை மட்டும் நம்பி அனுப்பக் காத்திருக்கும் பெட்டிகள் இன்னும் ஒரு வரிசை இருக்கின்றன. அவற்றை என்ன செய்வது என்று தெரியவில்லை.

தம்பி


ஏப்ரல் 14

தம்பி,

சனிக்கிழமை புதைத்தோம்.

லாரியிலிருந்து இறக்க நான்கு பேர் வந்தார்கள். மூன்று பேர் எங்கள் தெரு. நான்காவது மூலைக்குக் கையைக் கொடுத்தது மாமியார். பெண்கள் தூக்க வேண்டாம் என்று யாரோ சொன்னார்கள். சுமந்தவ நான், தூக்க மாட்டேனா என்றார். கல்லறைத் தோட்டம் வரைக்கும் விடவில்லை. நான் பின்னால் நடந்தேன். பெட்டியைப் பார்க்கவில்லை, அவர் முழங்கையையே பார்த்துக்கொண்டு நடந்தேன்.

ராணுவத்திலிருந்து இரண்டு பையன்கள் வந்திருந்தார்கள். கொடியை மடிக்கத் தெரியாமல் ஒருவன் இன்னொருவனை முறைத்தான். மரக்கடை முதலாளி ஒரு மாலை அனுப்பியிருந்தார், மகனை அனுப்பவில்லை. கிரீஸ் வந்து கடைசியில் நின்றார். நகத்துக்குள்ளே இருக்கும் கறுப்பைக்கூடத் தேய்த்துக் கழுவிவிட்டு வந்திருந்தார். அவர் கையை அப்படிப் பார்த்ததும்தான் எனக்கு அழுகை வந்தது. எல்லோரும் உன் அத்தானுக்காக அழுகிறேன் என்று நினைத்திருப்பார்கள். அவருக்காகவும்தான்.

மாமியார் அழவில்லை. குழிக்குள் இறக்கும்போது மட்டும் கயிற்றைப் பிடித்திருந்தவர்களிடம் மெதுவா, மெதுவா என்று சொல்லிக்கொண்டே இருந்தார்.

வீட்டுக்கு வந்து, வந்தவர்கள் எல்லோரும் போன பிறகு பாத்திரங்களைக் கழுவ உட்கார்ந்தோம். நான் தேய்த்தேன், அவர் அலசினார். ரொம்ப நாள் கழித்து அவரே பேச ஆரம்பித்தார்.

"திரும்பின இடத்துல எல்லாம் உள்ள சரசரன்னு ஓடுச்சு" என்றார். "எலும்பு அப்படி ஓடாது."

எனக்குக் கை நின்றுவிட்டது. ஏதோ சொல்ல வாயெடுத்தேன். தண்ணீரை ஊற்று என்று கையைக் காட்டினார். ஊற்றினேன்.

"அந்தப் பையன் தாளை நீட்டுனப்பவே யோசிச்சேன். உனக்கு ஒரு பேப்பர் வேணும். எனக்கு என் புள்ள வேணும். ரெண்டுல ஒண்ணுதான் அவங்களால குடுக்க முடியும். அதான் போட்டேன்."

நான் "அத்தை" என்று மட்டும் சொன்னேன். உனக்கு எழுதும்போது வார்த்தை வருகிறது, அவர் முன்னால் வரவில்லை. அவரை மூன்று வருஷமாக என் காவல்காரி என்றே நினைத்துக்கொண்டிருந்தேன். அவர் பாட்டுக்குக் கடைசித் தட்டை அலசி, கவிழ்த்து வைத்துவிட்டு எழுந்தார். அறை எப்போது கிடைக்கும் என்று கேட்டார். அடுத்த மாதம் என்றேன். நீ இங்கே வந்து போகத் தூரமா என்றார். இல்லை, பஸ்ஸில் போகிற தூரம்தான் என்றேன்.

படுக்கப் போகிற நேரத்தில் மறுபடியும் கேட்டார்.

"தம்பிக்கு எழுதுவியா?"

எழுதணும் என்றேன்.

"இனிமே வேற வீட்டுக்கு அனுப்பும்போது மணலைக் கொஞ்சம் ஈரம் பண்ணி இறுக்கிக் கட்டச் சொல்லு. பெத்தவ எல்லாரும் என்னை மாதிரி வாயை மூடிக்கிட்டு இருக்க மாட்டா."

அக்கா